ஹோல் விருந்துக்கு எத்தனை போத்தல்? ஒன்ராறியோவில் கொண்டாட்டம் வைப்போர் கேட்கும் கேள்விகள்

ஐம்பதாவது பிறந்தநாள், திருமண வரவேற்பு, வெள்ளிவிழா மணநாள் என்று ஸ்காபரோவிலும் மார்க்கத்திலும் பிரம்டனிலும் சனிக்கிழமை தோறும் ஹோல்கள் நிரம்புகின்றன. சாப்பாட்டுக்கு ஆள்கணக்கைத் தெளிவாகச் சொல்லும் வீட்டுக்காரர்கூட குடிவகை என்று வந்ததும் தடுமாறிப்போகிறார். “குறைஞ்சால் மானம் போயிடும்” என்ற பயத்தில் கணக்கைக் கைவிட்டுவிட்டு, கடை வண்டிலை நிரப்பிக்கொண்டு வருகிறார். அப்படி வாங்கும் மேலதிகப் போத்தல்கள் அலுமாரிக்குத் திரும்புவது அரிது. மேசையில் இருப்பது உடைக்கப்படும், உடைத்தது குடிக்கப்படும். ஆகவே அளவாக வாங்குவது பணத்துக்காக மட்டுமல்ல, வந்தவர்கள் நல்லபடியாக வீடு போய்ச் சேருவதற்கும்தான்.

கீழே உள்ளவை என்னிடம் அடிக்கடி வரும் கேள்விகள். கணக்குகளுக்கு ஒரே உதாரணத்தை எடுத்துக்கொள்கிறேன்: சனிக்கிழமை இரவு, ஹோல் ஒன்றில் ஐம்பதாவது பிறந்தநாள், அழைப்பு 120 பேருக்கு.

120 பேர் என்றால் எத்தனை போத்தல்? ஒரே வார்த்தையில் சொல்லுங்கள்.

சொல்ல முடியாது. 120 பேரில் குடிப்பவர் 30 ஆகவும் இருக்கலாம், 70 ஆகவும் இருக்கலாம். “நூறு பேருக்கு இத்தனை” என்று யாராவது சொன்னால், அது அவருடைய வீட்டு விருந்துக்கு வந்த நூறு பேரின் கணக்கு, உங்களுடையது அல்ல.

அழைப்புப் பட்டியலை எடுத்து, குடும்பம் குடும்பமாகப் பெயருக்குப் பக்கத்தில் எழுதுங்கள். இந்த வீட்டில் அண்ணை விஸ்கி, அக்கா குடிக்கமாட்டார், மகனுக்கு 22 வயது, பியர். அடுத்த வீட்டில் யாருமே இல்லை. கணவன் ஒரு பக்கத்தையும் மனைவி மறுபக்கத்தையும் சொல்லச் சொல்ல அரைமணி நேரத்தில் முடியும் வேலை இது. கடையில் நின்று யோசிப்பதைவிட நூறு மடங்கு பயன். யார் குடிப்பார் என்பது எமது சனத்துக்குள் ஒளிவுமறைவான விடயமும் அல்ல.

எங்கள் உதாரணத்தில் பிள்ளைகள் 30. மீதி 90 பெரியவர்களில் குடிப்பவர் 45 என்று வந்தது. அதில் விஸ்கி 25, பியர் 8, வைன் 12. இந்த 45 தான் உங்கள் எண். 120 ஐ இனி மறந்துவிடுங்கள்.

ஒருவருக்கு எத்தனை பானம் என்று வைப்பது?

முதல் மணித்தியாலத்துக்கு இரண்டு, அதன் பிறகு மணிக்கு ஒன்று. விருந்து நடத்துவோர் பல இடங்களிலும் பாவிக்கும் கணக்கு இது, எங்கள் விருந்துகளுக்கும் பொருந்துகிறது. ஆனால் மணித்தியாலத்தை அழைப்பிதழிலிருந்து எண்ணாதீர்கள். அழைப்பிதழில் மாலை 6 மணி என்று இருக்கும், சனம் வரும்போது ஏழரை. பார் உண்மையில் ஓடுவது ஏழரையிலிருந்து பதினொன்றரை வரை, அதாவது 4 மணித்தியாலம். அப்படியானால் ஒருவருக்கு 5.

விஸ்கி: 25 பேருக்கு 5 வீதம் 125 பெக்.
பியர்: 8 பேருக்கு 5 வீதம் 40. 24 அடங்கும் பெட்டி இரண்டு போதும்.
வைன் குடிப்பவர்கள் மெதுவாகக் குடிப்பார்கள். 12 பேருக்கு 3 வீதம் 36 கிளாஸ். ஒரு போத்தலில் 5 கிளாஸ் வரும், எனவே 8 போத்தல்.

அந்த 125 பெக் விஸ்கிக்கு எத்தனை போத்தல்?

முழுக் கணக்கும் தங்கியிருப்பது இந்த இடத்தில்தான்.

கனடாவில் ஒரு நிலையான பானம் என்பது விஸ்கி போன்ற 40 வீத மதுவில் 43 மில்லிலீற்றர், 12 வீத வைனில் 142 மில்லிலீற்றர், 5 வீத பியரில் 341 மில்லிலீற்றர். மூன்றிலும் உள்ள தூய மதுசாரம் ஒன்றுதான், ஏறக்குறைய 13.45 கிராம். 43 மில்லிலீற்றர் வீதம் ஊற்றினால் 750 போத்தலில் 17 பெக், 1.14 லீற்றர் போத்தலில் 26, 1.75 லீற்றர் போத்தலில் 40.

125 பெக்குக்கு 1.14 லீற்றர் போத்தல் 5 போதும்.

ஆனால் ஹோலில் யாரும் 43 ஊற்றுவதில்லை. மச்சான்மாரில் ஒருவர் பாருக்குப் பின்னால் நிற்பார். கிளாஸில் ஐஸைப் போட்டு, போத்தலைச் சரித்து, ஐஸின் மேல்மட்டம் வரும்வரை விடுவார். கிளாஸை நீட்டியவர் “காணும், காணும்” என்று சொன்ன பிறகும் இன்னும் ஒரு சொட்டு விழும். அதை அளந்து பார்த்தால் 60 மில்லிலீற்றருக்குக் குறையாது. அதே 125 பெக்குக்கு இப்போது ஏழரை லீற்றர், அதாவது 7 போத்தல் வேண்டும்.

இரண்டு போத்தல் கூடுதலாகச் செலவாவது ஒரு பக்கம். ஐந்து பெக் குடித்தேன் என்று மனதுக்குள் எண்ணிக்கொண்டிருப்பவர் உண்மையில் ஏழு குடித்திருக்கிறார் என்பதுதான் எனக்குக் கவலை. அவர் தன் கணக்கை நம்பிக் காரை எடுப்பார். கடையில் சில டொலருக்கு அளவுக் கிண்ணம் விற்கிறார்கள். இரண்டு வாங்கிப் பாரில் வையுங்கள். இந்தப் பக்கத்தில் ஒன்றை மட்டும் கடைப்பிடிப்பீர்கள் என்றால், இதைக் கடைப்பிடியுங்கள்.

அப்போ 5 போத்தலோடு நிறுத்திவிடலாமா?

ஒன்று கூட வாங்குங்கள், 6. எதிர்பாராமல் வருபவர் இருப்பார், ஊரிலிருந்தோ லண்டனிலிருந்தோ வந்து நிற்கும் விருந்தினரையும் கூட்டிக்கொண்டு வருவார்கள். அந்த ஆறாவதைப் பாருக்குக் கீழே பெட்டிக்குள்ளேயே வைத்திருங்கள். ஐந்தாவது முடிந்த பிறகுதான் அது வெளியே வரவேண்டும்.

எந்த விஸ்கி? பிளாக் லேபல் வைக்காவிட்டால் கதைப்பார்களே?

பிளாக் லேபல் எங்கள் விருந்துகளில் ஒரு மரியாதைச் சின்னமாகவே ஆகிவிட்டது. வசதியிருந்தால் வையுங்கள். ஆனால் ஒரு மேசையில் பிளாக் லேபலையும் ரெட் லேபலையும் சேர்த்து வைக்காதீர்கள். எல்லோரும் பிளாக்கையே கேட்பார்கள், அது ஒன்பது மணிக்கே முடியும், ரெட் அப்படியே இருக்கும். பிறகு கேட்பவருக்கு ரெட் லேபலை ஊற்றும்போது அவருக்கும் மனம் சுருங்கும், உங்களுக்கும் சுருங்கும். ஒரே விஸ்கியை எல்லோருக்கும் வைப்பதுதான் நல்லது, அது எந்த விலையாக இருந்தாலும்.

ஹென்னசி பிராண்டி கேட்கும் கூட்டம் உங்கள் பட்டியலில் இருந்தால், விஸ்கி எண்ணிக்கைக்குள்ளேயே ஒரு போத்தலை மாற்றிக்கொள்ளுங்கள். மேலதிகமாகச் சேர்க்க வேண்டியதில்லை, அதே ஆள்தான் இரண்டையும் குடிக்கப்போகிறார். 2025 மார்ச்சில் ஒன்ராறியோ அரசின் மதுக்கடையான எல்சிபிஓ அமெரிக்க மதுவகைகளை அலுமாரிகளிலிருந்து எடுத்துவிட்டது. பேர்பன் போன்றவை வேண்டுமென்றால் கடைக்குப் போவதற்கு முன் இணையத்தில் இருப்பைப் பாருங்கள்.

நாளைப் பொறுத்து அளவு மாறுமா?

நிச்சயமாக. வெள்ளிக்கிழமை என்றால் விரதக்காரர் குடிக்கமாட்டார்கள், மச்சமும் தொடமாட்டார்கள். நல்லூர்க் கந்தனின் 25 நாள் திருவிழாக் காலத்தில் கொடியேற்றத்திலிருந்து தீர்த்தம் வரை நாக்கைக் கட்டும் ஆண்கள் இங்கும் ஏராளம். கந்தசஷ்டி ஆறு நாளும் அப்படித்தான். ஓகஸ்ட் கொண்டாட்டத்துக்கு, கடந்த கிறிஸ்மஸ் பார்ட்டியின் கணக்கை அப்படியே எடுத்தால் பாதி மிஞ்சும். மண்டபத்தைப் பதியும்போதே கலண்டரைப் பார்த்துவிடுங்கள்.

பூப்புனித நீராட்டு விழா, திருமணச் சடங்கு போன்றவற்றில் சடங்கு முடியும்வரை குடிவகை கண்ணில் படவே கூடாது என்று நினைக்கும் பெரியவர்கள் உண்டு. அந்த எண்ணத்துக்கு மதிப்புக் கொடுங்கள். பார் இரண்டு மணித்தியாலம் தாமதமாகத் திறந்தால், வாங்க வேண்டிய அளவும் அதற்கேற்பக் குறையும்.

பெண்களுக்கு என்ன வாங்குவது?

அவர்களையே கேளுங்கள். ஆண்கள் உட்கார்ந்து போடும் பட்டியலில் இது எப்போதும் ஊகமாகவே இருக்கிறது. மொஸ்கட்டோ போன்ற இனிப்பு வைன்களும் கூலர்களும் எங்கள் பெண்களிடையே நன்றாகப் போகின்றன. உலர்ந்த சிவப்பு வைன் அவ்வளவாகப் போவதில்லை. எட்டுப் போத்தலில் ஐந்து வெள்ளை அல்லது இனிப்பு, மூன்று சிவப்பு என்று வைக்கலாம்.

இன்னொரு விடயம். குடிக்க விருப்பமிருந்தும் மாமியார், பெரியப்பா பார்க்கும் இடத்தில் கிளாஸை எடுக்காத பெண்களும் இளையவர்களும் இருக்கிறார்கள். பார் மேடைக்குப் பக்கத்தில் இருந்தால் அவர்கள் வரமாட்டார்கள், மண்டபத்தின் பின்மூலையில் இருந்தால் வருவார்கள். பாரை எங்கே வைக்கிறீர்கள் என்பதைத் தீர்மானித்துவிட்டு வைன் கணக்கைப் போடுங்கள்.

கேக் வெட்டும்போது எல்லோருக்கும் ஷம்பெயின் கொடுக்கலாமா?

90 பெரியவர்களுக்குச் சிறிய அளவில், போத்தலுக்கு 8 கிளாஸ் வீதம் ஊற்றினாலும் 12 போத்தல் போகும். பாதிப்பேர் ஒரு வாய் குடித்துவிட்டு மேசையில் வைத்துவிடுவார்கள். குடும்பத்தாருக்கு இரண்டு போத்தல் திறவுங்கள். மற்றவர்களுக்கு நுரைக்கும் அப்பிள் சாறு கொடுத்தால் பிள்ளைகளும் சேர்ந்து கிளாஸை உயர்த்தலாம்.

சோடா, கோக், ஐஸ்?

ஒரு பெக்குக்கு 120 மில்லிலீற்றர் கலப்பு என்று வைத்தால் 125 பெக்குக்கு 15 லீற்றர். 2 லீற்றர்ப் போத்தல் 8 வேண்டும்: கோக், ஜிஞ்சர் ஏல், சோடா என்று கலந்து வாங்குங்கள்.

குடிக்காதவர்களை மறந்துவிடுவதுதான் பெரிய குறை. எங்கள் உதாரணத்தில் அவர்கள் 75 பேர், குடிப்பவர்களைவிட அதிகம். ஒருவருக்கு 200 மில்லிலீற்றர்க் கிளாஸ் மூன்று என்றாலே 45 லீற்றர் தண்ணீரும் சாறும் குளிர்பானமும் வேண்டும். பல ஹோல்கள் இதைச் சாப்பாட்டு விலையோடு சேர்த்துத் தருகின்றன, சில தருவதில்லை. ஒப்பந்தத்தைப் பாருங்கள். பத்து மணிக்குப் பிள்ளைகள் தண்ணீர் கேட்டு அலையும்போது பாரில் விஸ்கி நிரம்பி இருப்பது எந்த வீட்டுக்காரருக்கும் அழகில்லை.

ஐஸ் குடிப்பவர் ஒருவருக்கு 700 கிராம். 45 பேருக்கு 2.7 கிலோப் பை 12. பியரைக் குளிர வைக்கத் தொட்டி வைத்தால் இன்னும் நான்கு பை.

குளிர்காலத்தில் “காருக்குள்ளேயே வைத்தால் குளிர்ந்துவிடும்” என்று பியரை டிக்கியில் விட்டுவிடுகிறார்கள். பியர் பூச்சியத்துக்குக் கீழே இரண்டு மூன்று பாகையிலேயே உறையத் தொடங்கும். ஜனவரி இரவொன்றில் கான்கள் வீங்கி வெடிக்கும். வைனும் தப்பாது. விஸ்கிக்கு ஒன்றும் ஆகாது.

பைற்ஸுக்கும் குடிக்கும் அளவுக்கும் தொடர்பு உண்டா?

உண்டு. வயிற்றில் ஒன்றும் இல்லாமல் முதல் இரண்டு பெக்கைக் குடித்தால் மதுசாரம் வேகமாக இரத்தத்தில் ஏறும். மட்டன் றோல்ஸ், கட்லட், டெவில் சிக்கன் எல்லாம் பார் திறக்கும் அதே நிமிடத்தில் வெளியே வரவேண்டும், அரைமணி கழித்து அல்ல. இரவுச் சாப்பாட்டைப் பத்தரைக்குத் தள்ளும் பழக்கமும் எங்களிடம் இருக்கிறது. ஒன்பது மணிக்குச் சாப்பாட்டைப் போட்டுப் பாருங்கள். சாப்பிட்ட பிறகு குடிக்கும் வேகம் தானாகவே குறையும், உங்கள் ஆறாவது போத்தல் பெட்டிக்குள்ளேயே இருக்கும். மிகவும் உறைப்பாக வைத்தால் பியர் கூடுதலாகப் போகும் என்பதையும் கணக்கில் வையுங்கள்.

ஹோலுக்கு நாங்களே குடிவகை கொண்டுபோகலாமா?

முதலில் ஹோல்காரரிடம் ஒரு கேள்வி கேளுங்கள்: இங்கே மது உரிமம் உங்களிடம் இருக்கிறதா? அவர்களிடம் உரிமம் இருந்து, அதன் கீழ்ப் பரிமாறுவதென்றால் குடிவகை அவர்கள் ஊடாகத்தான் வரவேண்டும். உங்கள் வேலை ஆள்கணக்கைக் கொடுப்பது மட்டுமே. அப்போதும் மேலே போட்ட கணக்கு உதவும், அவர்கள் விற்க நினைக்கும் அளவு உண்மையில் தேவையா என்று பார்க்கலாம்.

உரிமம் இல்லாத இடமென்றால், ஒன்ராறியோ மது மற்றும் விளையாட்டு ஆணையத்திடம் விசேட நிகழ்வு அனுமதி எடுக்க வேண்டும். ஏஜிசிஓ என்று சொன்னால் எல்லோருக்கும் தெரியும். விண்ணப்பம் இணையத்தில். கடைசி வாரத்துக்கு விடாதீர்கள், மண்டபம் பதிந்த கையோடு முடித்துவிடுங்கள். அனுமதியையும் வாங்கிய குடிவகையின் பற்றுச்சீட்டுகளையும் அன்று மண்டபத்தில் கையோடு வைத்திருக்க வேண்டும். அனுமதி யாருடைய பெயரில் இருக்கிறதோ, அன்றைய பொறுப்பும் அவருடையது. 19 வயதுக்குக் கீழ்ப்பட்ட ஒருவர் கையிலும் கிளாஸ் போகக்கூடாது. சித்தப்பா ஆசையாக ஒரு வாய் கொடுத்தாலும் சரி, அன்றைக்குப் பதில் சொல்ல வேண்டியவர் நீங்கள்.

விமான நிலையத்தில் வாங்கிய போத்தல்கள் வீட்டில் இருக்கின்றன. அவற்றைக் கொண்டுபோகலாமா?

வெளிநாட்டில் 48 மணித்தியாலமாவது இருந்துவிட்டு வருபவர் 1.14 லீற்றர் மதுவை வரியில்லாமல் கொண்டுவரலாம். அப்படிச் சேர்ந்த போத்தல்கள் எல்லா வீட்டிலும் நிற்கின்றன. அவற்றை வீட்டு விருந்துக்கு வையுங்கள். அனுமதி எடுத்த ஹோல் நிகழ்வில் ஒன்ராறியோவில் வாங்கிய, பற்றுச்சீட்டு உள்ள குடிவகையையே பரிமாறுங்கள்.

கார் டிக்கியில் நடக்கும் குடிக்கு என்ன செய்வது?

பாரில் இடம் இருந்தும் நான்கைந்து பேர் வாகனத் தரிப்பிடத்துக்குப் போய், டிக்கியைத் திறந்து, தங்கள் போத்தலை உடைக்கும் வழக்கம் எல்லா ஹோல் வாசலிலும் இருக்கிறது. இது உங்கள் கணக்கையும் குழப்பும், சட்டத்தோடும் முட்டும். திறந்த போத்தலை ஓட்டுநர் கைக்கெட்டும் இடத்தில் காருக்குள் வைத்திருப்பதே ஒன்ராறியோவில் குற்றம்.

அவர்கள் வெளியே போவதற்குக் காரணம் பெரும்பாலும் குடிவகை குறைவதல்ல. உள்ளே பாட்டுச் சத்தத்தில் கதைக்க முடியாது, பெரியவர்கள் பார்க்கிறார்கள். பாருக்குப் பக்கத்தில் ஒலிபெருக்கியிலிருந்து தள்ளி நான்கு உயர்ந்த மேசைகள் போட்டால் பாதிப்பேர் உள்ளேயே நிற்பார்கள். மீதிப்பேருக்கு, அவர்கள் மதிக்கும் ஒருவரை முன்கூட்டியே சொல்லி வையுங்கள். வீட்டுக்காரர் போய்ச் சொன்னால் அது சண்டையாக மாறலாம், அவர்களுடைய கூட்டாளி சொன்னால் கேட்பார்கள்.

பாரில் யார் நிற்பது?

குடிக்காத ஒருவர். மது பரிமாறுவோருக்கான ஸ்மார்ட் சேர்வ் பயிற்சி பெற்ற ஒருவரைக் கூலிக்குப் பிடித்தால் இன்னும் நல்லது. நூற்றுக்கு மேற்பட்டோர் வரும் விருந்துக்கு அந்தக் கூலி, வீணாக ஊற்றப்படும் இரண்டு போத்தலின் விலையிலேயே பெரும்பகுதி ஈடாகிவிடும். “அண்ணை, கொஞ்சம் பொறுத்து எடுங்கோ, முதல்ல சாப்பிட்டிட்டு வாங்கோ” என்று சொந்த மச்சானால் சொல்ல முடியாது. வெளியாள் சொன்னால் யாரும் கோபிப்பதில்லை. மேசைக்கு மேசை போத்தல் வைப்பதை நான் ஒருபோதும் பரிந்துரைப்பதில்லை. எவ்வளவு போனது என்று யாருக்கும் தெரியாது, பக்கத்து மேசைப் பதினேழு வயதுப் பிள்ளைக்கும் கையெட்டும்.

மிஞ்சினால் திருப்பிக் கொடுக்கலாமா?

எல்சிபிஓ உடைக்காத போத்தல்களை, திரும்ப விற்கும் நிலையில் இருந்தால், பற்றுச்சீட்டோடு 30 நாளுக்குள் ஏற்றுக்கொள்ளும். அதனால் எல்லாவற்றையும் ஒரே தடவையில் வாங்கிப் பற்றுச்சீட்டைப் படம் பிடித்து வையுங்கள். ஐஸ் தொட்டிக்குள் கிடந்த வைன் போத்தலின் லேபல் ஊறிக் கழன்றிருந்தால் எடுக்கமாட்டார்கள். ஒரே நேரத்தில் இரண்டு மூன்று போத்தலை மட்டும் ஐஸில் போட்டு, மீதியை உலர்ந்த பெட்டியில் வைத்திருங்கள். பியர் பெட்டியையும் தேவைக்கேற்ப ஒவ்வொன்றாகத் திறவுங்கள்.

வெறும் போத்தல்களையும் கான்களையும் பியர் ஸ்டோரில் கொடுத்தால் அளவைப் பொறுத்து 10 அல்லது 20 சதம் திரும்பக் கிடைக்கும். வீட்டுப் பிள்ளைகளிடம் அந்தப் பொறுப்பைக் கொடுத்தால் மண்டபமும் சுத்தமாகும்.

வீடு திரும்புவதற்கு என்ன ஏற்பாடு?

குடிவகைப் பட்டியல் போடும் அதே தாளில் இதையும் எழுதுங்கள். விஸ்கி என்று எழுதிய 25 பெயருக்கும் பக்கத்தில், அவரை யார் கூட்டிப்போவார் என்று எழுதுங்கள். மனைவி ஓட்டுவாரா, மகன் ஓட்டுவானா, ஊபர் பிடிக்க வேண்டுமா? வெற்றிடமாக இருக்கும் பெயர்களுக்கு விருந்துக்கு முந்திய நாள் தொலைபேசி எடுங்கள்.

மகன் ஓட்டுவான் என்றால் ஒன்று தெரிந்திருக்க வேண்டும். 21 வயதும் அதற்குக் கீழும் உள்ள ஓட்டுநருக்கும், ஜி2 போன்ற, புதிய ஓட்டுநருக்கான உரிமம் வைத்திருப்பவருக்கும் இரத்தத்தில் மதுசாரம் பூச்சியமாக இருக்க வேண்டும், ஒரு பியர்கூடக் கூடாது. மற்றவர்களுக்கு இரத்தத்தில் 0.08 வீத மதுசாரம் குற்றவியல் எல்லை. ஆனால் 0.05 இலேயே ஒன்ராறியோவில் உரிமத்தை அந்த இடத்திலேயே நிறுத்திவைப்பார்கள். உடல் ஒரு பெக்கைக் கழிக்க ஒரு மணித்தியாலத்துக்கு மேலும் எடுக்கலாம். கோப்பியும் முகம் கழுவுவதும் அதை விரைவுபடுத்தாது.

“வீட்டுக்காரர் மேல் வழக்கு வருமா?” என்றும் கேட்கிறார்கள். வீட்டு விருந்தில் குடித்துவிட்டுப் போனவர் தெருவில் செய்த விபத்துக்கு, விருந்து வைத்தவர் பொதுவாகப் பொறுப்பாளி அல்ல என்று கனடாவின் உச்ச நீதிமன்றம் 2006 இல் தீர்ப்பளித்தது. குடிவகையை விற்கும் இடங்களுக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. அனுமதி எடுத்து நடத்துபவருக்கும் அனுமதியோடு சேர்ந்து கடமைகள் வருகின்றன. வழக்கு வராது என்பதற்காக ஒருவரைத் தள்ளாடியபடி காருக்குள் ஏறவிட முடியுமா? திறப்பை வாங்கிவிடுங்கள். அடுத்த நாள் கோபம் போய்விடும்.

வீட்டில் 25 பேருக்கு வைக்கும் சின்னப் பார்ட்டிக்கும் இதே கணக்கா?

அதே கணக்குத்தான், அனுமதி தேவையில்லை. ஆனால் வீட்டில் நேரம் நீளும், பன்னிரண்டரை மணிக்கும் ஒருவர் கதிரையை விட்டு எழும்பமாட்டார். வரும்போது விருந்தினரும் ஆளுக்கொரு போத்தல் கொண்டுவருவார்கள். அதனால் உங்கள் கணக்கில் பாதியை மட்டும் வாங்குங்கள். அடுக்குமாடிக் கட்டடத்தின் பார்ட்டி ரூமில் வைப்பதென்றால் அது உங்கள் வீடாகக் கணக்கில் வராமல் போகலாம், நிர்வாகத்திடம் முன்பே கேளுங்கள்.

பத்தரை மணிக்கு விஸ்கி முடிந்துவிட்டால்?

முடிந்துவிட்டது என்று சொல்லுங்கள். பியரும் வைனும் இருக்கும். அந்த நேரத்தில் கேக்கை வெட்டி, சுடச்சுடக் கொத்துரொட்டி போட்டு, தேத்தண்ணியையும் வெளியே எடுங்கள். “ஓடிப்போய் ஒரு போத்தல் வாங்கிக்கொண்டு வாறன்” என்று சாவியோடு எழும்புபவர் அப்போதைக்கு மூன்று பெக்காவது போட்டிருப்பார். அவரை அனுப்பாதீர்கள்.